கொட்டகை அத்தை குப்பத்துக்கு வந்தாள்

1

இந்த நாட்டில் யாரையும் பெயர் சொல்லித்தான் கூப்பிட வேண்டும். டாக்டரானாலும் பெயர்தான், தலைமையாசிரியரானாலும் பெயர்தான், எண்பது தாண்டிய அம்மாவானாலும் பெயர்தான். பழவேற்காட்டுக் குப்பத்தில் பிறந்து, பெரியவர்கள் பெயரை வாய்க்குள்ளேயே விழுங்கிப் பழகியவள் நான். ஸ்வீடனுக்கு வந்து இத்தனை வருடம் ஆகியும் அது எனக்குச் சரளமாக வரவில்லை.

ஊரில் நான் முழுச் செவிலியர். இங்கே முதியோர் இல்லத்தில் துணைச் செவிலியர். என் சான்றிதழ் போதாது என்றார்கள். முதலில் மொழி படி என்றார்கள். படித்தேன். பிறகு ஒரு அலுவலகம் கேட்ட தாளை இன்னொரு அலுவலகம்தான் தர வேண்டும் என்றார்கள். அந்த அலுவலகமோ முதல் அலுவலகத்தின் கடிதம் இல்லாமல் தர முடியாது என்றது. ஒரு கட்டத்தில் அலுத்துப்போய், கிடைத்த வேலையில் சேர்ந்துவிட்டேன். இப்போது அந்த வருத்தம் இல்லை. சேராமல் இருந்திருந்தால் குன்வோரைப் பார்த்திருக்க மாட்டேன்.

குன்வோர் என்பது நான் இங்கே வைத்த பெயர். எங்கள் இல்லத்தில் இருப்பவர்களைப் பற்றி வெளியே பேசக் கூடாது. இதை எழுதலாமா என்று அவரிடமே கேட்டேன். பெயரை மட்டும் மாற்று, மற்றதை எழுது, நல்ல பெயராகப் பார்த்து வை என்றார்.

அவர் வந்த முதல் நாள் காலை, காப்பியை எடுத்துக்கொண்டு அவர் அறைக்குப் போனேன். நெட்டையான உருவம், நிமிர்ந்த முதுகு, வெள்ளை வெளேரென்ற தலை. பெயர் சொல்ல வாய் வரவில்லை. ஸ்வீடிஷில் அத்தை, பெரியம்மா எல்லாவற்றுக்கும் பொதுவாக ‘தாந்த்’ என்று ஒரு சொல் இருக்கிறது. மரியாதையாக இருக்கட்டுமே என்று ‘தாந்த் குன்வோர், காப்பி’ என்றேன். அறையைத் துடைத்துக்கொண்டிருந்த என் சக பணியாளர் சட்டென்று நிமிர்ந்து என்னைப் பார்த்தார். வேலையிடத்தில் ஒரு மூத்த பெண்ணைத் தாந்த் என்று சொல்வது ‘ஏ கிழவி’ என்பதற்குக் கொஞ்சம்தான் மேலே என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

குன்வோர் கோபப்படவில்லை. சிரிக்க ஆரம்பித்தவர், காப்பி ஆறும் வரை சிரித்தார். “இந்த நாடே என்னை அப்படித்தான் கூப்பிட்டது. இருபத்தாறு வயசிலேயே தாந்த் ஆகிவிட்டேன் நான்” என்றார்.

எனக்கு ஒன்றும் புரியவில்லை. வெளியே வந்த பிறகு சக பணியாளர்தான் சொன்னார்: அவர் யார் தெரியுமா? கொட்டகை அத்தை.

2

கொட்டகை அத்தை யாரென்று தெரியாமல் ஸ்வீடனில் ஒருவர் இருக்கிறார் என்பதை அங்கே யாராலும் நம்ப முடியவில்லை.

அது ஒரு பழைய சிறுவர் படம். ஒரு தீவு. கோடை விடுமுறைக்கு வந்த ஐந்து பிள்ளைகள், கரையில் ஒரு படகுக் கொட்டகைக்குள் பழைய படகு ஒன்று கிடப்பதைக் கண்டுபிடிக்கிறார்கள். அதைச் சரிசெய்து மிதக்கவிட ஆசை. ஆனால் கொட்டகை, தனியாக வாழும் ஒரு அத்தையுடையது. அவள் பூட்டுப் போடுகிறாள், கோழிகளை விரட்டுவது போலப் பிள்ளைகளை விரட்டுகிறாள், “கை பாக்கெட்டுக்குள்ளே” என்று அதட்டுகிறாள். கடைசியில் பிள்ளைகள் படகை மிதக்கவிட்டு ஜெயிக்கிறார்கள். ஊரே நீண்ட மேசை போட்டு விருந்து சாப்பிடுகிறது. அத்தை தன் வீட்டு ஜன்னலில் நின்று பார்க்கிறாள். படம் முடிகிறது.

அதன் பிறகு இன்னும் சில படங்கள் அதே அத்தையை வைத்து வந்தன. வருடா வருடம் கிறிஸ்துமஸ் சமயத்தில் தொலைக்காட்சியில் போடுகிறார்கள். தாத்தாக்கள் பார்த்தார்கள், அப்பாக்கள் பார்த்தார்கள், இப்போது பேரன்கள் பார்க்கிறார்கள். அடம்பிடிக்கும் குழந்தையிடம் கொட்டகை அத்தை வருவாள் என்று சொன்னால் போதும்.

குன்வோர் ஸ்டாக்ஹோமில் நாடகப் பள்ளியில் படித்தவர். மேடையில் ராணிகளாகவும் பிள்ளையைப் பறிகொடுத்த தாய்மார்களாகவும் நடிக்க வேண்டும் என்பதுதான் ஆசை. படத்தில் அத்தை வேடத்துக்கு ஒத்துக்கொண்ட நடிகை உடம்பு முடியாமல் போக, நெட்டையாக இருக்கிறாள் என்பதற்காக இவருக்கு நரை விக் வைத்து நிறுத்திவிட்டார்கள். ஒரு கோடைக்காலம்தானே என்று நினைத்தார். அந்த ஒரு கோடைதான் அவருடைய வாழ்க்கை முழுவதும் ஆயிற்று.

பிறகு ஒரு பெரிய நாடகத்தில், குழந்தையை இழந்த தாயாக நடிக்க வாய்ப்பு வந்தது. ஒத்திகை பார்க்க வந்தவர்கள் முன்னால் அவர் வாயைத் திறந்ததும் அரங்கில் சிரிப்பு. குரல் அதே குரல். வேடம் வேறொருவருக்குப் போனது. அதற்குப் பிறகும் அவர் நடித்தார். பள்ளிக்கூட ஆயா, கோபக்காரப் பக்கத்து வீட்டுக்காரி, சூனியக்காரி. எல்லாம் சிறுவர் படங்கள். எல்லாம் நன்றாக ஓடின.

விக் இல்லாமல் வெளியே போனால் யாருக்கும் அடையாளம் தெரியாதாம், அவ்வளவு இளம்பெண். ஆனால் பால் கடையில் நின்று பால் என்று கேட்டால் போதும், பக்கத்தில் நிற்கும் குழந்தை அம்மாவின் பாவாடைக்குள் முகத்தைப் புதைத்துக்கொள்ளும். அதனால் கடைகளில் கிசுகிசுத்துப் பேசப் பழகிக்கொண்டாராம். இப்போதும் எங்கள் சாப்பாட்டுக் கூடத்தில் உப்பு கேட்கும்போது அவர் குரல் தாழ்ந்துதான் இருக்கும். அவருக்குப் பிள்ளைகள் இல்லை. பிள்ளைகள் என்றால் கொள்ளை ஆசை.

3

என் மகள் தாராவுக்குப் பதினைந்து வயது. நான் தமிழில் கேட்பேன், அவள் ஸ்வீடிஷில் பதில் சொல்வாள். முதலில் பாதி பாதியாக இருந்தது. பிறகு முழுக்க அப்படியே ஆகிவிட்டது. ஊரிலிருந்து என் அக்கா கஸ்தூரி வீடியோவில் கூப்பிட்டால், தாரா கையாட்டிவிட்டு அறைக்குள் போய்விடுவாள். “உம் பொண்ணு ஊமையாடி?” என்று அக்கா ஒருநாள் கேட்டது என்னைத் தைத்தது. அக்கா வேடிக்கையாகத்தான் கேட்டாள்.

என் வேலையைப் பற்றியும் தாரா எதுவும் கேட்டதில்லை. தோழிகளிடம் அம்மா மருத்துவமனையில் வேலை செய்கிறாள் என்று சொல்வதோடு சரி. கொட்டகை அத்தையை நான்தான் குளிப்பாட்டுகிறேன் என்று ஒரு சாயங்காலம் வாய்தவறிச் சொல்லிவிட்டேன். சொல்லக் கூடாததுதான். தாரா கையிலிருந்த போனைக் கீழே வைத்தாள். பகல்நேரக் குழந்தைகள் காப்பகத்துக்குப் போன காலத்திலிருந்து அந்தப் படம் அவளுக்கு மனப்பாடம். அதை நான் ஒருமுறைகூட முழுதாக உட்கார்ந்து பார்த்ததில்லை. அவள் குழந்தைப் பருவத்தில் எனக்குத் தெரியாத ஒரு தீவு இருந்திருக்கிறது, அதன் அத்தைக்கு நான் தினமும் தலை வாரிக்கொண்டிருந்தேன்.

குன்வோர் சம்மதித்ததும் அவளை ஒரு ஞாயிற்றுக்கிழமை அழைத்துப் போனேன். கதவு வரை தைரியமாக வந்தவள், குரலைக் கேட்டதும் என் பின்னால் ஒதுங்கினாள். பிறகு வெட்கப்பட்டுச் சிரித்துவிட்டாள். குன்வோரும் சிரித்தார், ஆனால் அந்த ஒதுங்கலை அவர் கவனித்ததை நான் பார்த்தேன்.

டிசம்பரில் ஊருக்குப் போகிறோம் என்று பேச்சு வந்தது. எந்த ஊர், எப்படி இருக்கும் என்று கேட்டார். ஒரு பக்கம் கடல், ஒரு பக்கம் ஏரி, நடுவில் மணல் மேல் நாங்கள் என்று சொன்னேன். அங்கே பிள்ளைகள் இருக்கிறார்களா என்றார். வீட்டுக்கு நாலு பேர் என்றேன். குன்வோர் என் பக்கம் நன்றாகத் திரும்பி உட்கார்ந்தார்.

“இங்கே என்னைப் பார்ப்பதற்கு முன்னாலேயே என்னைப் பற்றிப் பிள்ளைகளிடம் சொல்லிவிடுகிறார்கள். பயப்படு என்று சொல்லித்தான் படத்தையே போடுகிறார்கள். நான் நன்றாக நடித்தேனா, இல்லை இந்த நாட்டுக்கு அது ஒரு பழக்கமா? எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள வழியே இல்லாமல் போய்விட்டது. உன் ஊரில் என்னை யாருக்கும் தெரியாது, இல்லையா?”

தெரியாது என்றேன்.

அப்படியானால் அவர்களுக்கு அந்தப் படத்தைப் போட்டுக் காட்டு, என்ன நடந்தது என்று அப்படியே வந்து சொல், பொய் சொல்லாதே என்றார்.

4

படம் ஸ்வீடிஷில் இருக்கிறது. குப்பத்துப் பிள்ளைகளுக்கு எப்படிப் புரியும்? தாராதான் வழி சொன்னாள். சத்தத்தைக் குறைத்துவிட்டு நாமே மைக்கில் தமிழில் பேசலாம். பிள்ளைகளின் வசனம் எல்லாம் நான். அத்தை வசனம் அவள்.

“உனக்குத் தமிழ்…” என்று ஆரம்பித்தேன். “படம் எனக்குத்தான் தெரியும்” என்றாள். அதுவும் உண்மை.

அனுமதி வாங்க வேண்டும் என்றார்கள். படக் கம்பெனிக்குக் குன்வோரே போன் செய்தார். போனை எடுத்த இளைஞன் அவர் குரலைக் கேட்டதும் பேச்சு மூச்சில்லாமல் போய்விட்டானாம். ஆனாலும் ஒரு படிவம் அனுப்பினான். அரங்கில் எத்தனை இருக்கைகள் என்று அதில் ஒரு கேள்வி. இருக்கை இல்லை, தார்ப்பாய் என்று எழுதினேன். தார்ப்பாயில் எத்தனை இருக்கைகள் என்று மறுபடி கேட்டு எழுதினான். குன்வோர் மறுபடி போன் செய்து, இந்த முறை கிசுகிசுக்காமல் பேசினார். அனுமதி வந்தது.

வசனத்தை நான் நல்ல தமிழில் எழுதி அக்காவுக்கு வீடியோவில் படித்துக் காட்டினேன். அக்கா பொன்னேரி மார்க்கெட்டில் மீன் விற்பவள். அப்போதுதான் வீடு திரும்பிக் கூடையைக் கழுவிக்கொண்டிருந்தாள். ‘உங்கள் தாயார் உங்களுக்கு ஒழுக்கம் கற்பிக்கவில்லையா’ என்ற இடத்தில் நிறுத்தச் சொன்னாள்.

“இன்னாடி இது, கலெக்டரு பேசற மாதிரி கீது. கோவம் வந்தா இப்டியா பேசுவாங்கோ?”

பிறகு அவளே பேசிக் காட்டினாள். கொட்டாயில கைய வெச்ச, ஒடிச்சி அடுப்புல சொருவிடுவேன் என்று அவள் சொன்னதைக் கேட்டு, அறைக்குள் இருந்த தாரா வெளியே வந்து போன் முன்னால் உட்கார்ந்தாள். அன்றிலிருந்து தினமும் பெரியம்மாவும் மகளும் திட்டிக்கொண்டார்கள். தாரா ஆங்கில எழுத்தில் எழுதிவைத்துக்கொண்டு சொல்லிப் பார்ப்பாள். அக்கா அங்கிருந்து திருத்துவாள். ‘கை பாக்கெட்டுக்குள்ளே’ என்பதற்குத்தான் திண்டாடினோம். எங்கள் பிள்ளைகளில் பாதிப் பேர் டவுசருக்குப் பாக்கெட்டே கிடையாது. அக்கா ஒரு நொடி யோசித்துவிட்டு, “கையக் கட்டு” என்றாள். பள்ளிக்கூடத்தில் கேட்டுக் கேட்டு ஊறிப்போன இரண்டு சொல். அவ்வளவுதான், அத்தை தமிழச்சி ஆகிவிட்டாள்.

எப்படி நடிக்க வேண்டும் என்று தாரா குன்வோரிடம் கேட்டாள். அவர் சொல்லித்தர மாட்டேன் என்றுவிட்டார். “நான் சொன்னால் நீ என்னைப் போலச் செய்வாய். எனக்கு அது வேண்டாம்” என்றார்.

5

மார்கழி. பாலத்தைத் தாண்டும்போதே ஏரி நிறைந்து கிடந்தது தெரிந்தது. பூநாரைகள் வந்திருந்தன. தாரா போனில் படம் எடுத்தாள். நான் அக்கா வாங்கி வைத்திருப்பதாகச் சொன்ன இறாலைப் பற்றி நினைத்துக்கொண்டிருந்தேன்.

வெளியே திரை கட்டலாம் என்று பார்த்தால் திரைக்கென்று கட்டிய வேட்டியை வாடைக்காற்று பிய்த்துக்கொண்டு போயிற்று. கடைசியில் புயல் பாதுகாப்புக் கட்டடத்துக்குள் வெள்ளைச் சுவரிலேயே போட்டோம். புரொஜெக்டர் பொன்னேரியிலிருந்து வாடகைக்கு வந்தது. விளக்கு வைத்த கொஞ்ச நேரத்தில் தார்ப்பாய் நிறைந்துவிட்டது. பிள்ளைகள் முன்னால், பெண்கள் பின்னால், ஆண்கள் வாசலில் நின்றபடி, பிடிக்காவிட்டால் போய்விடலாம் என்பது போல.

அத்தையைப் பற்றி முன்கூட்டி ஒரு வார்த்தையும் சொல்லக் கூடாது என்பது குன்வோரின் நிபந்தனை. ஒரு தீவு, அஞ்சு பசங்க, பாருங்க என்று மட்டும் சொன்னேன்.

படகு வந்ததும் குப்பம் விழித்துக்கொண்டது. அதன் அடிப்பலகையைப் பார்த்து, இது தண்ணி குடிக்கும் என்று முன்வரிசையிலேயே தீர்ப்பு வந்தது. பிறகு அத்தை கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தாள். தாரா மைக்கைப் பிடித்து “கையக் கட்டு” என்றாள். ‘ட்’ சரியாக விழவில்லை. கூட்டம் கொல்லென்று சிரித்தது. அடுத்த வசனம் வரவில்லை. சுவரில் அத்தை சத்தமில்லாமல் வாயசைத்துக்கொண்டிருந்தாள். நான் மைக்கை வாங்கக் கையை நீட்டினேன். தாரா தலையை ஆட்டிவிட்டாள். பெரியம்மா சொல்லிக்கொடுத்த அடுப்பு வசனத்தைப் படபடவென்று கொட்டினாள். இப்போதும் சிரித்தார்கள், ஆனால் வேறு சிரிப்பு. எங்க அம்மா மாதிரியே பேசுது என்று ஒரு பிள்ளை சொன்னது கேட்டது.

கொஞ்சம் கொஞ்சமாகச் சிரிப்பு நின்றது. அத்தை பூட்டோடு வரும் காட்சியில் யாரும் அசையவில்லை. மூன்றாவது முறை தாரா “கையக் கட்டு” என்றபோது முன்வரிசை முழுக்கக் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. இதைப் போய்ச் சொன்னால் போதும், குன்வோருக்கு விடை கிடைத்துவிட்டது என்று நினைத்தேன்.

கடைசிக் காட்சி. நீண்ட மேசை, விருந்து, ஜன்னலில் அத்தை. வசனம் கிடையாது. ஸ்வீடனில் இந்த இடத்தில் பிள்ளைகள் கைதட்டிக் கூச்சல் போடுவார்களாம், தாராவும் போட்டிருக்கிறாள். இங்கே சத்தமே இல்லை. படம் முடிந்து சுவர் வெறும் சுவராயிற்று.

அக்கா வீட்டுக்கு அடுத்த வீட்டுப் பெண் பவித்ரா, இரண்டாம் வகுப்பு படிப்பவள், எழுந்து நின்றாள்.

“அந்த ஆயாவ ஏன் யாரும் சாப்புட கூப்புடல?”

பின்னால் ஒரு பெண், அதானே, இத்தினி பேரு துன்றாங்கோ, ஒருத்திய உட்டுட்டு என்றாள். வாசலில் நின்ற ஆண்களில் ஒருவர், பொல்லாதவதான், அதுக்காக சோத்துக்குக் கூப்புடாம இருப்பாங்களா என்றார். ஐந்து பிள்ளைகள் ஜெயித்ததைப் பற்றி ஒருவருக்கும் கவலை இல்லை.

பவித்ரா தாராவிடம் வந்தாள். “நீதான பேசன? நீ சாப்ட்டியா?”

தாரா என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. “இன்னும் இல்ல” என்று தமிழில் சொன்னாள். அவள் கண் கலங்கியிருந்தது. பவித்ரா அவள் விரலைப் பிடித்து இழுத்துக்கொண்டு தன் வீட்டுக்குப் போனாள். அன்று எங்களுக்காக அக்கா செய்துவைத்த இறால் தொக்கை நானும் அக்காவும் மட்டும்தான் சாப்பிட்டோம்.

6

திரும்பி வந்ததும் தாரா தானே சொல்ல வேண்டும் என்று கேட்டுக்கொண்டாள். அது என் விடுமுறை நாள். சீருடை இல்லாமல் விருந்தாளி மாதிரி சுவரோரம் உட்கார்ந்திருந்தேன். தாரா எல்லாவற்றையும் சொன்னாள், தான் திணறியதையும் சிரிப்பையும் சேர்த்து. முன்வரிசை கையைக் கட்டிய இடத்தில் குன்வோர் லேசாகத் தலையசைத்தார், கணக்குச் சரியாக இருக்கிறது என்பது போல. பவித்ரா கேட்டதைச் சொன்னதும் அவர் முகம் மாறியது. இன்னொரு முறை சொல் என்றார். தாரா தமிழிலேயே சொல்லி, பிறகு ஸ்வீடிஷில் சொன்னாள்.

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு சொன்னார். “அந்தக் காட்சியில் கோபமாகப் பார்க்கச் சொன்னார் இயக்குநர். நான் விடியற்காலையிலிருந்து அந்த விக்கோடு நின்றுகொண்டிருந்தேன். கீழே உண்மையாகவே சமைத்திருந்தார்கள். ஊர்க்காரர்களாக நடித்தவர்கள் எல்லாரும் என் வயசுக்காரர்கள், சிரித்துக்கொண்டிருந்தார்கள். எனக்குக் கோபம் வரவில்லை. கீழே போய் உட்கார வேண்டும் போல இருந்தது. அதைத்தான் நடித்தேன். அவர் தப்பு என்றார், மறுபடி எடுக்க வெளிச்சம் இல்லை. அது தப்பு என்றுதான் நானும் இத்தனை காலம் நினைத்துக்கொண்டிருந்தேன்.”

அவர் கையை எடுத்து என் கையில் வைத்துக்கொண்டேன். வேலை நாளாக இருந்தால் நாடி பார்க்கிறேன் என்று நினைத்திருப்பார்.

பிறகு அவர் தாராவிடம், அந்தப் பிள்ளையிடம் சொல்ல முடியுமா என்று கேட்டார். என்ன சொல்ல வேண்டும் என்றாள் தாரா.

“நான் சாப்பிட்டேன் என்று சொல். விளக்கை எல்லாம் அணைத்த பிறகு சமையல்காரம்மா எனக்கு ஒரு தட்டு எடுத்துவைத்திருந்தார். மீன், உருளைக்கிழங்கு. வயிறு நிறையச் சாப்பிட்டேன்.”

தாரா அங்கேயே போனை எடுத்து அக்கா எண்ணுக்குத் தமிழில் பேசி அனுப்பினாள். ஊரில் சாயங்காலம். கொஞ்ச நேரத்தில் பதில் வந்தது, பவித்ராவின் குரலில்.

“இன்னா மீனு?”

தாரா மொழிபெயர்த்தாள். குன்வோர் அதை மிகவும் பொறுப்பாக எடுத்துக்கொண்டார். ஹெர்ரிங் மீன், வினிகரிலும் சர்க்கரையிலும் ஊறவைத்தது, வெங்காயம் போட்டது என்று நிதானமாக விவரித்தார். ஹெர்ரிங்குக்குத் தமிழில் என்ன என்று தாரா என்னிடம் கேட்டாள். நம் கடலில் அது கிடையாது என்றேன். அவளே யோசித்து, போனை வாயருகே வைத்து, “நம்ம மத்தி மாதிரி இருக்கும், ஆனா இனிப்பா” என்றாள்.

நம்ம என்றாள். நான் காட்டிக்கொள்ளவில்லை.

அடுத்த குரல் அக்காவுடையது. பிள்ளையிடமிருந்து போனைப் பிடுங்கியிருக்க வேண்டும். “இன்னாது, மீனு இனிப்பா?” பின்னால் இரண்டு மூன்று பெண்கள் பேசிக்கொள்ளும் சத்தம். அப்புறம் அக்கா நீளமாக ஒரு மூச்சு விட்டாள்.

“பாவம்டி அந்த ஆயா.”